கேம் ஆடும்போது ‘லேக்’ அடிக்கிறதா? புது லேப்டாப்புக்குத் தவணை போடும் முன் இதைப் பாருங்கள்

பழவேற்காடு ஏரிக்கரை ஊர்களில் முகத்துவாரம் என்றால் என்னவென்று யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. ஏரி எவ்வளவு பெரியதாக இருந்தாலும், கடலோடு சேரும் வாய் மணல் மூடித் தூர்ந்துவிட்டால் தண்ணீர் ஏறி இறங்காது, படகும் போக முடியாது. அப்போது ஏரியின் வேறு பக்கத்தை ஆழப்படுத்திப் பிரயோஜனம் இல்லை. தூர்ந்த இடத்தில்தான் மணலை அள்ள வேண்டும்.

கம்ப்யூட்டரில் கேம் திணறுவதும் இதே மாதிரிதான். எங்கோ ஓர் இடத்தில் அடைப்பு இருக்கும். அது எது என்று பார்க்காமல் எல்லா செட்டிங்ஸையும் ‘லோ’வில் போடுவார்கள் பலர். படம் மங்கும், திணறல் மட்டும் அப்படியே இருக்கும். கடைசியில், “இந்த லேப்டாப்பே வேஸ்ட்டுடா, புதுசா ஒண்ணு எடுத்துடலாம்” என்று தவணைக் கடை வாசலில் போய் நிற்பார்கள்.

திருவள்ளூர் மாவட்டத்துக்கும் லேப்டாப்புக்கும் ஒரு பழைய தொடர்பு உண்டு. மாணவர்களுக்கு விலையில்லா லேப்டாப் வழங்கும் திட்டம் 2011 செப்டம்பர் 15 அன்று தொடங்கப்பட்டது இந்த மாவட்டத்தின் காக்களூரில்தான். ஆயிரக்கணக்கான வீடுகளுக்கு முதல் கம்ப்யூட்டர் அப்படித்தான் வந்தது. பாடத்தோடு சேர்த்து ‘ஜிடிஏ வைஸ் சிட்டி’யும் பென்டிரைவ் வழியாக அதில் ஏறிக்கொண்டது. 2026 ஜனவரியில் ‘உலகம் உங்கள் கையில்’ என்ற பெயரில் கல்லூரி மாணவர்களுக்கு லேப்டாப் வழங்குவது தொடங்கியது. அவற்றில் 8 ஜிபி ரேமும் 256 ஜிபி எஸ்.எஸ்.டி.யும் உண்டு. வேலைக்குச் சேர்ந்த முதல் வருடத்தில் பலர் வாங்கும் லேப்டாப்பும் ஏறக்குறைய இதே ரகம்தான்.

காட்டூரிலோ பொன்னேரியிலோ இப்படி ஒரு லேப்டாப் இருக்கும் வீட்டை நினைத்துக்கொள்ளுங்கள். அக்காவின் ப்ராஜெக்ட், தம்பியின் கேம், அப்பாவின் பேங்க் வேலை எல்லாம் அந்த ஒரே மெஷினில். அதில் கேம் ஓரளவு சீராக ஓட வேண்டும், மற்ற வேலையும் கெடக் கூடாது. என்ன செய்யலாம்?

எல்லாத் திணறலும் ‘லேக்’ இல்லை

நாம் ‘லேக்’ என்ற ஒரே சொல்லில் நாலு வெவ்வேறு பிரச்சினைகளைச் சொல்கிறோம். முதலில் இவற்றைப் பிரித்துப் பார்க்க வேண்டும்.

படம் வழுக்கிக்கொண்டு போகிறது, ஆனால் எதிரி திடீரென்று இடம் மாறுகிறார், நீங்கள் ஓடிய தூரம் பின்னால் இழுக்கப்படுகிறது என்றால், அது நெட்வொர்க் பிரச்சினை. கிராஃபிக்ஸ் செட்டிங்ஸை எவ்வளவு குறைத்தாலும் அது சரியாகாது. ஹாட்ஸ்பாட் வைத்திருக்கும் போனைப் பக்கத்தில் கொண்டுவாருங்கள். வைஃபை ரூட்டர் இருந்தால் கேபிள் போட்டுப் பாருங்கள். சர்வர் தேர்வில் மும்பை அல்லது சென்னை இருக்கும்போது சிங்கப்பூரில் போய் ஆட வேண்டாம்.

முழுப் படமும் தொடர்ந்து மெதுவாக, ஸ்லைடு ஷோ போல நகர்கிறது என்றால் கிராஃபிக்ஸ் சிப் அல்லது பிராசசர் மூச்சு வாங்குகிறது.

நன்றாக ஓடிக்கொண்டே இருந்து, புது இடத்துக்குள் நுழையும்போது மட்டும் ‘டக்’கென்று நின்று கிளம்புகிறது என்றால் சந்தேகம் ரேம் மீதோ டிஸ்க் மீதோ விழ வேண்டும். புது கேமை முதல் தடவை ஆடும்போது, காட்சிகளுக்கான சிறு நிரல்களை அது தயார்செய்துகொள்வதாலும் இப்படி நடக்கும். அது சிறிது நேரத்தில் தானாகவே குறையும்.

முதல் பத்துப் பதினைந்து நிமிடம் அருமையாக ஓடி, பிறகுதான் திணறுகிறது என்றால் பெரும்பாலும் சூடு.

16.7 மில்லி விநாடிக் கணக்கு

கேம் என்பது வேகமாக மாறும் படங்களின் வரிசை. ஒரு விநாடிக்கு எத்தனை படம் என்பதுதான் எஃப்.பி.எஸ். விநாடிக்கு 60 படம் வேண்டுமென்றால் ஒவ்வொன்றையும் 16.7 மில்லி விநாடிக்குள் முடித்தாக வேண்டும். 30 போதும் என்றால் 33.3 மில்லி விநாடி கிடைக்கும்.

ஒவ்வொரு படத்திலும் இருவருக்கு வேலை இருக்கிறது. யார் எங்கே நிற்கிறார், குண்டு எங்கே போகிறது என்ற கணக்கைப் பிராசசர் போடும். அதை வைத்துப் படம் வரைவது கிராஃபிக்ஸ் சிப். இரண்டில் எது தாமதிக்கிறதோ அதன் வேகம்தான் கேமின் வேகம்.

இன்னொரு விஷயம். சராசரி மட்டும் போதாது. 60-இல் ஓடி அடிக்கடி 25-க்கு விழும் கேமைவிட, சீராக 40-இல் ஓடும் கேம் கண்ணுக்கு இதமாக இருக்கும். அதிக எண்ணைத் துரத்துவதைவிட ஏற்ற இறக்கத்தைக் குறைப்பதுதான் முக்கியம்.

அடைப்பு எங்கே? இரண்டு நிமிட சோதனை

எந்த சாஃப்ட்வேரும் இறக்க வேண்டாம். கேமில் ஓர் இடத்தில் நின்று, எஃப்.பி.எஸ் எவ்வளவு என்று பார்த்துக்கொள்ளுங்கள். விண்டோஸ் கீயோடு ‘ஜி’ அழுத்தினால் வரும் கேம் பாரிலேயே அது தெரியும். இப்போது கேமின் ரெசல்யூஷனை மிகக் குறைவாக வைத்து, அதே இடத்தில் மறுபடி பாருங்கள்.

எண் நன்றாக ஏறினால் அடைப்பு கிராஃபிக்ஸ் சிப்பில். அதற்கு வரைய வேண்டிய புள்ளிகளைக் குறைத்தால் வேகம் கூடும்.

எண் பெரிதாக மாறவில்லை என்றால் அடைப்பு பிராசசரிலோ ரேமிலோ இருக்கிறது. அப்படியிருக்கும்போது படத்தை மங்க வைத்து லாபமில்லை.

டாஸ்க் மேனேஜரைப் பார்ப்பவர்கள் ஒரு இடத்தில் ஏமாறுவது உண்டு. “பிராசசர் 20 சதவீதம்தான் காட்டுது, அப்போ அது பிரச்சினை இல்ல” என்பார்கள். எட்டு இழைகளில் வேலை செய்யும் பிராசசரில் ஒன்று மட்டும் முழுதாக நிரம்பினால் மொத்தக் கணக்கில் 12.5 சதவீதம்தான். கேமின் முக்கிய வேலை அந்த ஒன்றிலேயே மாட்டிக்கொண்டிருக்கலாம். கிராஃபிக்ஸ் சிப் 95 சதவீதத்துக்கு மேல் ஓடுகிறதா, இல்லை பாதியில் சும்மா நிற்கிறதா என்று பார்ப்பது இதைவிட நம்பகமானது.

விண்டோஸில் பார்க்க வேண்டிய ஐந்து இடங்கள்

1. பவர். சார்ஜரைச் செருகிவிட்டு ஆடுங்கள். பேட்டரியில் ஓடும்போது பல லேப்டாப்புகள் வேகத்தைத் தாங்களாகவே குறைத்துக்கொள்ளும். செட்டிங்ஸில் சிஸ்டம், அதற்குள் பவர் பகுதிக்குப் போய் ‘பெஸ்ட் பெர்ஃபார்மன்ஸ்’ என்று வையுங்கள். ஆடி முடித்ததும் பழையபடி மாற்றிவிடலாம்.

2. எந்தக் கிராஃபிக்ஸ்? தனி கிராஃபிக்ஸ் கார்டு உள்ள லேப்டாப்பிலும் சில கேம்கள் தவறிப்போய், பிராசசரோடு ஒட்டியிருக்கும் சின்னக் கிராஃபிக்ஸில் ஓடிக்கொண்டிருக்கும். டிஸ்பிளே பகுதியில் கிராஃபிக்ஸ் என்ற இடத்தில் அந்தக் கேமைத் தேர்ந்தெடுத்து ‘ஹை பெர்ஃபார்மன்ஸ்’ கொடுங்கள். டெஸ்க்டாப் என்றால் மானிட்டர் கேபிள் மதர்போர்டில் இல்லாமல் கிராஃபிக்ஸ் கார்டில் செருகியிருக்கிறதா என்று பின்னால் எட்டிப் பாருங்கள்.

3. ரெஃப்ரெஷ் ரேட். 144 ஹெர்ட்ஸ் திரை வாங்கி மாதக்கணக்கில் 60-இலேயே ஓட்டுகிறவர்கள் இருக்கிறார்கள். டிஸ்பிளே பகுதியில் ‘அட்வான்ஸ்டு டிஸ்பிளே’யில் ஒரே சொடுக்கில் மாற்றிவிடலாம்.

4. பின்னால் ஓடும் ஆப்கள். பழவேற்காடு ஏரியில் ‘பாடு’ முறை உண்டு. ஒரே இடத்தில் எல்லோரும் வலை போடாமல், முறை வைத்துத் தொழில் செய்வது. கம்ப்யூட்டரிலும் ஒவ்வொரு ஆப்புக்கும் முறை வைத்துத்தான் பிராசசர் நேரம் கிடைக்கிறது. இருபது பிரவுசர் டேப், கிளவுட் பேக்கப், இறங்கிக்கொண்டிருக்கும் அப்டேட் எல்லாம் வரிசையில் நின்றால் கேமின் முறை தள்ளிப்போகும். ஆடும் முன் பிரவுசரை முழுதாக மூடுங்கள். டாஸ்க் மேனேஜரில் ‘ஸ்டார்ட்அப்’ பகுதியில் தேவையில்லாதவற்றை ஆஃப் பண்ணுங்கள். விண்டோஸின் ‘கேம் மோட்’ ஆனில் இருக்கட்டும்.

5. டிரைவர். இன்டெல், ஏஎம்டி, என்விடியா அல்லது லேப்டாப் நிறுவனத்தின் சொந்தத் தளத்திலிருந்து மட்டும் கிராஃபிக்ஸ் டிரைவரை எடுங்கள். ‘டிரைவர் அப்டேட்டர்’ என்று விளம்பரத்தில் வருவதைத் தொட வேண்டாம்.

கேமுக்குள் எதைக் குறைப்பது, எதை விடுவது?

அடைப்பு கிராஃபிக்ஸில் என்றால் முதல் மருந்து ரெசல்யூஷன். 1920-க்கு 1080 என்பது 20,73,600 புள்ளிகள். 1280-க்கு 720 என்றால் 9,21,600தான். அதாவது வேலை பாதிக்கும் கீழே. ஆனால் எழுத்தும் தூரத்து ஆளும் மங்கும். நடுவில் 1600-க்கு 900 இருக்கிறது. 14 அங்குலத் திரைக்கு அது மோசமில்லை.

கேமில் எஃப்.எஸ்.ஆர் என்ற வசதி இருந்தால் அதைப் பயன்படுத்துங்கள். குறைந்த புள்ளிகளில் வரைந்து, பிறகு திரை அளவுக்குப் பெரிதாக்கும் முறை இது. ஏஎம்டி 2021-இல் கொண்டுவந்தது என்றாலும், பெரும்பாலான பதிப்புகள் இன்டெல், என்விடியா சிப்களிலும் ஓடும். என்விடியாவின் டிஎல்எஸ்எஸ் நன்றாக இருக்கும். ஆனால் அதற்கு ஆர்டிஎக்ஸ் வகைக் கார்டு வேண்டும்.

அடுத்து குறைக்க வேண்டியவை: நிழல், பிரதிபலிப்பு, மூட்டம் மற்றும் ஒளிக்கற்றை, ‘ஆம்பியன்ட் ஆக்லூஷன்’ எனப்படும் மூலை இருட்டு. வேகத்தை அதிகம் தின்பவை இவை. ஆடும் பரபரப்பில் கண்ணில் படுவதோ குறைவு. நிழலை மட்டும் ‘அல்ட்ரா’விலிருந்து ‘மீடிய’த்துக்கு இறக்கினாலே வித்தியாசம் தெரியும்.

‘டெக்ஸ்சர்’ விஷயம் வேறு. கிராஃபிக்ஸ் மெமரி போதுமான அளவு இருந்தால் அதை உயர்த்தி வைத்தாலும் வேகம் அதிகம் குறையாது. படம் அழகாக இருக்கும். மெமரி போதவில்லை என்றால்தான் ‘டக்’கென்று நிற்கும் பிரச்சினை வரும். தனிக் கார்டு இல்லாத லேப்டாப்பில் கிராஃபிக்ஸ் சிப் ரேமிலிருந்துதான் பங்கு எடுக்கிறது. எனவே 8 ஜிபி மெஷினில் டெக்ஸ்சரையும் ‘மீடியம்’ அல்லது ‘லோ’வில் வைப்பதே நல்லது.

அடைப்பு பிராசசரில் என்றால் பட்டியலே மாறும். கூட்டத்தின் அளவு, கண்ணுக்குத் தெரியும் தூரம், வண்டி நெரிசல், பொருட்கள் உடைந்து சிதறும் விளைவுகள், இவற்றைக் குறையுங்கள்.

ஒரு நேரத்தில் ஒன்றை மட்டும் மாற்றிப் பாருங்கள். ஐந்தை ஒன்றாக மாற்றினால் எது வேலை செய்தது என்றே தெரியாது.

எஃப்.பி.எஸ்-க்கு ஒரு வரம்பு போடுங்கள்

கேட்கத் தலைகீழாக இருக்கும், ஆனால் சின்ன லேப்டாப்புகளில் அதிகம் பலன் தருவது இதுதான். 35-க்கும் 58-க்கும் இடையே தாவிக்கொண்டிருக்கும் கேமை 30 என்று பூட்டிவிட்டால், 60 ஹெர்ட்ஸ் திரையில் ஒவ்வொரு படமும் சரியாக இரண்டு முறை காட்டப்படும். தாவல் நின்றுவிடும். 120 ஹெர்ட்ஸ் திரை என்றால் 40, 144 என்றால் 48 அல்லது 72 பொருத்தமாக வரும். சிப்புக்கும் இடையிடையே ஓய்வு கிடைப்பதால் சூடு குறையும், ஃபேன் சத்தமும் குறையும்.

கதை கேம்களுக்கு இது சரி. வேலரன்ட், கவுன்டர் ஸ்ட்ரைக் போன்ற சுடும் கேம்களில் மட்டும் கொஞ்சம் கவனம். அவற்றில் மவுஸ் அசைவு உடனே திரையில் தெரிவது முக்கியம். வி-சிங்க் தாமதத்தைக் கூட்டும் என்பதால் அதை ஆஃப் பண்ணிவிட்டு, மெஷின் நிலையாகத் தரக்கூடிய அளவில் வரம்பை வையுங்கள்.

மே மாதச் சூடும் உப்புக்காற்றும்

இணையத்தில் கிடைக்கும் பல டிப்ஸ், ஏ.சி அறையிலோ குளிர்நாட்டிலோ இருப்பவர்களுக்காக எழுதியவை. ஏரிக்கரை வீட்டில் அக்னி நட்சத்திர மதியம் கணக்கே வேறு.

பல பிராசசர்கள் 100 டிகிரி செல்சியஸை ஒட்டி எட்டியதும் தற்காப்புக்காக வேகத்தைத் தாங்களே குறைத்துக்கொள்ளும். சிப்பிலிருந்து எவ்வளவு சூடு வெளியேறும் என்பது, சிப்புக்கும் அறைக்கும் உள்ள வெப்ப வித்தியாசத்தைப் பொறுத்தது. அறை 25 டிகிரி என்றால் வித்தியாசம் 75. அறை 38 என்றால் 62தான். அதே ஃபேன், அதே லேப்டாப், ஆனால் வெளியேற்றும் திறனில் ஏறக்குறைய ஆறில் ஒரு பங்கு போய்விடுகிறது. காலையில் ஓடிய கேம் மதியம் திணறுவதற்கு இதுவே காரணமாக இருக்கலாம்.

மெத்தை மேலும் மடி மேலும் வைத்து ஆடாதீர்கள்; கீழே உள்ள துளைகள் அடைபடும். பின்பக்கம் இரண்டு விரல் உயரத்துக்குத் தூக்கி வையுங்கள். ரெண்டு பாட்டில் மூடி போதும். மெஷினை அணைத்துவிட்டு, காய்ந்த மெல்லிய பிரஷால் காற்றுத் துளைகளில் சேரும் தூசியை அவ்வப்போது எடுங்கள்.

கடலோரத்தில் இன்னொரு தொல்லை உப்பு. அது காற்றின் ஈரத்தை இழுத்து வைத்துக்கொள்ளும். உலோக இணைப்புகள் துருப்பிடிக்க அது வழி. கடல்காற்று நேராக அடிக்கும் ஜன்னலோரத்தில் லேப்டாப்பை வைக்க வேண்டாம். பயன்படுத்தாதபோது பைக்குள் வையுங்கள். நாலைந்து வருட லேப்டாப் என்றால், கடையில் கொடுத்து ஃபேனைச் சுத்தம் செய்து தெர்மல் பேஸ்ட் மாற்றினாலே பழைய வேகம் ஓரளவு திரும்பும்.

புது லேப்டாப்பா, இன்னொரு ரேமா?

தனிக் கார்டு இல்லாத மெஷினில் கிராஃபிக்ஸுக்கும் பிராசசருக்கும் பொதுவான பாதை ரேம். டிடிஆர்4 3200 வகை ரேம் ஒன்று மட்டும் இருந்தால், விநாடிக்கு அதிகபட்சம் 25.6 ஜிபி தகவல் போய்வரும். அதே போல இன்னொன்றைச் செருகினால் பாதை இரண்டாகி 51.2 ஜிபி ஆகும். ஒட்டு கிராஃபிக்ஸில் ஓடும் கேம்களுக்கு இது பெரிய வித்தியாசம்.

டாஸ்க் மேனேஜரில் மெமரி பகுதியில் எத்தனை ஸ்லாட் இருக்கிறது, எத்தனை நிரம்பியிருக்கிறது என்று தெரியும். ஒன்று காலியாக இருந்தால், புது லேப்டாப்பின் தவணையோடு ஒப்பிடும்போது இது மிகச் சின்னச் செலவு. சில மாடல்களில் ரேம் போர்டோடு பற்றவைத்திருக்கும், சேர்க்க முடியாது. வாரன்டி உள்ள மெஷினைத் திறக்கும் முன் சர்வீஸ் சென்டரில் கேட்டுவிடுங்கள்.

பழைய ஹார்டு டிஸ்கில் ஓடும் மெஷின் என்றால் எஸ்.எஸ்.டி மாற்றுங்கள். எஃப்.பி.எஸ் அதிகம் கூடாது. ஆனால் லோடாகும் நேரமும் இடையில் நிற்பதும் நன்றாகக் குறையும். 256 ஜிபி வைத்திருப்பவர்கள் கடைசி ஜிபி வரை நிரப்பாமல் கொஞ்சம் இடம் விட்டு வையுங்கள்.

‘பூஸ்டர்’ வலையில் விழாதீர்கள்

செட்டிங்ஸால் வரும் நஷ்டத்தைத் திருப்பிவிடலாம். இதைத் திருப்ப முடியாது. “ஒரே கிளிக்கில் எஃப்.பி.எஸ் டபுள்” என்று வரும் சாஃப்ட்வேர்கள், கிராக் செய்த கேம்கள், “முதலில் ஆன்டிவைரஸை ஆஃப் பண்ணுங்க” என்று தொடங்கும் வீடியோக்கள், இவற்றின் பின்னால் பாஸ்வேர்டு திருடும் நிரல்கள் வருவது சகஜம். ஆடுவது தம்பி, போவது அக்காவின் ப்ராஜெக்ட் ஃபைலும் அப்பாவின் பேங்க் கணக்கும். “நான் கேம்தான்க்கா இறக்கினேன்” என்று அப்புறம் சொல்லிப் பயனில்லை.

விண்டோஸ் 11-இல் ‘மெமரி இன்டெக்ரிட்டி’ என்ற பாதுகாப்பை ஆஃப் செய்தால் சில கேம்களில் வேகம் கூடலாம் என்று மைக்ரோசாஃப்ட்டே சொல்லியிருக்கிறது. ஆடி முடித்ததும் மறுபடி ஆன் செய்யும்படியும் சொல்கிறது. பேங்க் வேலையும் நடக்கும் மெஷினில் அந்தச் சில எஃப்.பி.எஸ்-க்காக இதைத் தொட வேண்டாம். ‘செக்யூர் பூட்’டை ஆஃப் பண்ணச் சொல்லும் டிப்ஸும் உண்டு. அதைக் கேட்டால் விண்டோஸ் 11-இல் வேலரன்ட் திறக்கவே திறக்காது.

இதையெல்லாம் செய்தும் ஓடவில்லை என்றால்?

சில கேம்கள் இந்த மெஷினுக்கு இல்லை. தனிக் கிராஃபிக்ஸ் கார்டு கட்டாயம் என்று கேட்கும் கேமை எந்த செட்டிங்ஸும் காப்பாற்றாது. வாங்கும் முன் கேமின் பக்கத்தில் உள்ள குறைந்தபட்சத் தேவையைப் பாருங்கள். ஸ்டீமில் வாங்கி 14 நாளுக்குள், இரண்டு மணி நேரத்துக்கும் குறைவாக ஆடியிருந்தால் பணத்தைத் திரும்பக் கேட்கலாம். ஓடுமா ஓடாதா என்று பார்க்க அந்த நேரம் போதும்.

அப்படியும் புது மெஷின்தான் வேண்டும் என்று முடிவானாலும் இந்தச் சோதனை வீண்போகாது. பழையதில் அடைப்பு எங்கே இருந்தது என்று தெரிந்தவர், கடைக்காரர் காட்டுவதை வாங்காமல் தனக்குத் தேவையானதைக் கேட்டு வாங்குவார். தெரியாதவர் தவணையும் கட்டி, புது லேப்டாப்பையும் அதே மெத்தை மேல் வைத்து, அதே திணறலோடு ஆடிக்கொண்டிருப்பார்.